தம்பிக்குக் கொஞ்சம் சுகமில்லை

பாரிசில் எங்கள் ஆட்களின் கடைகள் நிறைந்த லா சப்பலில் கறிவேப்பிலை வாங்கப் போனால், யாராவது ஒருவர் இன்னமும் என்னை மறிக்கிறார்.

"அண்ணை, போன கிழமை உங்களை ரீவியிலை பாத்தனாங்கள்."

"என்னவா வந்தனான்?"

கொஞ்சம் யோசிப்பார். "கோப்பை கழுவிக்கொண்டு நிண்டனீங்கள்."

சரிதான். பாரிசில் முப்பது வருடத்துக்கு மேல் நடித்தேன். அதில் பாதி கோப்பை கழுவுவதிலேயே போனது. மீதியில் ரோசாப்பூ விற்றேன், பலசரக்குக் கடை வைத்திருந்தேன், பொலிசைக் கண்டு ஓடினேன். இரண்டு முறை ஆப்கானிஸ்தான்காரனாகவும் ஒருமுறை கம்போடியப் பிக்குவாகவும் இருந்தேன். பிக்குவுக்காக மொட்டையடித்தபோது என் மனைவி கமலா, மயிர் முளைக்கும் வரை என்னோடு கடைத்தெருவுக்கு வரமாட்டேன் என்று சொல்லிவிட்டாள். கதாநாயகன் சாப்பிட்ட கோப்பையைக் கழுவ ஒருவன் வேண்டும்தானே. அவன்தான் நான். இதில் எனக்கு எந்த வெட்கமும் இல்லை. கழுவின கோப்பையை ஒழுங்காகத்தான் கழுவினேன்.

போன வருடம் ஓய்வு எடுத்துவிட்டேன். முழங்கால் சொல்வழி கேட்பதில்லை. இப்போது நாடக மன்றத்துப் பிள்ளைகள் ஆண்டு மலருக்கு எழுதித் தாருங்கள் என்று நிற்கிறார்கள். "புத்திமதி வேண்டாம் அண்ணை, நடந்ததை எழுதுங்கோ" என்று கண்டிப்பாகச் சொல்லிவிட்டார்கள். எங்கள் காலத்தில் நடிகர் தேர்வு என்றால் குளிரில் வரிசையில் நிற்க வேண்டும். இவர்கள் தங்களைத் தாங்களே கைபேசியில் படம்பிடித்து அனுப்புகிறார்கள். ஆனால் ஒன்று மட்டும் மாறவில்லை. பாத்திரக் குறிப்பைத் திறந்து பார்த்தால் அன்று எனக்கு இருந்ததே இன்று அவர்களுக்கும் இருக்கிறது: "இவர் தன் மொழியில் ஏதோ சொல்கிறார்."

அந்த 'ஏதோ'வோடு நான் பட்ட பாட்டைத்தான் எழுதப் போகிறேன்.

நான் பள்ளிக்கூட மேடையில் நடித்தவன், அவ்வளவுதான். பாரிசுக்கு வந்து உண்மையாகவே கோப்பை கழுவிக்கொண்டிருந்தபோது, லா கூர்னெவில் ஒரு பழைய பண்டகசாலைக்குள் நாடகம் பழக்கும் சொலான்ஜ் என்ற அம்மையார் வெளிநாட்டுக்காரர் வேண்டும் என்று தேடினார். சமையல்காரர் ஒருவர் என்னைக் கைகாட்டிவிட்டார். சொலான்ஜ் மேடையைப் பார்த்தபடி உட்காரமாட்டார். கடைசி வரிசையில் முதுகைக் காட்டியபடி இருந்து கேட்பார். ஒரு வசனம் பொய்யாக வந்தால், விரலில் இருந்த மோதிரத்தால் கதிரையில் ஒரு தட்டு. அவ்வளவுதான், விளக்கமெல்லாம் கிடையாது. திரும்பவும் முதலிலிருந்து. என் பிரெஞ்சு நொண்டியடித்த காலத்தில் அவர் என்னைத் தமிழில் பேசவிட்டுக்கூடக் கேட்பார். அதற்கும் தட்டு விழும். தமிழ் தெரியாத மனுசி எப்படிக் கண்டுபிடிக்கிறார் என்று எனக்குக் கோபமாக வரும். ஆனால் தட்டு விழுந்த இடமெல்லாம் நான் புளுகிய இடமாகத்தான் இருந்தது. அப்படி ஏழெட்டு வருடம் மேடையில் வேலைக்காரனாகவும் காவல்காரனாகவும் தூதுவனாகவும் நின்றேன். பிறகு சினிமாவும் தொலைக்காட்சியும் என்னைக் கண்டுபிடித்தன. கண்டுபிடித்ததும் மறுபடி கோப்பையைக் கையில் தந்தன.

அந்த நாட்களில் எங்கள் ஆட்கள் பலர் படப்பிடிப்பில் கூட்டத்தோடு கூட்டமாக நிற்க வருவார்கள். என் நண்பன் சின்னராசா அதில் ஒருவன். ஒரு தொடரில் செத்தவீட்டுக் காட்சி. இயக்குநர் எங்களைப் பார்த்து, "உங்கள் மொழியில் அழுங்கள், என்னவென்றாலும் பரவாயில்லை" என்றார். சின்னராசாவுக்கு நல்ல பசி. சாப்பாட்டு வண்டி வரப் பிந்திவிட்டது. நெஞ்சில் கையை வைத்து, ஒப்பாரி ராகத்தில் தொடங்கினான்.

"ஐயோ, சோறு இன்னும் வரேல்லையே! உந்தக் கறுத்தக் கோட்டுக்காரன் விடுறானில்லையே! என்ர குடல் காயுதே!"

கறுத்தக் கோட்டு போட்டிருந்தது இயக்குநர்தான். அவர் கண்கலங்கி, அற்புதம் என்றார். அந்தக் காட்சி அப்படியே ஒளிபரப்பானது. லா சப்பல் முழுக்கச் சிரித்தது. முடிவெட்டும் கடைகளில் ஒரு கிழமை அதே கதை. சின்னராசாவுக்கு 'குடல் காயுதே' என்றே பெயர் வந்துவிட்டது. நானும் வயிறு நோகச் சிரித்தேன்.

கமலா மட்டும் சிரிக்கவில்லை. "செத்த வீட்டிலை சனத்தைச் சிரிக்கப் பழக்கிப்போட்டியள்" என்றாள். "இனி உண்மையான செத்த வீட்டைக் காட்டினாலும், இவங்கள் என்ன பகிடி விடுறாங்கள் எண்டுதான் எங்கடை சனம் காது குடுக்கும்."

அவள் சொன்னது எனக்குச் சுருக்கென்று பட்டது. இந்த நாட்டுப் படங்களில் எங்கள் முகம் வருவதே அரிது. வரும்போது வாயைத் திறந்து உளறிவிட்டுப் போனால், எங்களை எங்களுக்கே பகிடியாகக் காட்டிவிட்டுப் போகிறோம். அதன்பிறகு 'தன் மொழியில் ஏதோ' என்று கண்ட இடத்திலெல்லாம் என்ன சொல்வது என்பதை வீட்டிலேயே முடிவு செய்தேன். கடைக்காரன் என்றால் கடைக்காரன் சொல்வது. ஓடுகிறவன் என்றால் ஓடுகிறவன் சொல்வது. ஒரே வரி என்றாலும் பாடமாக்கிக்கொண்டு போவேன். யாரும் கேட்கவில்லைதான். ஆனாலும் செய்தேன்.

இதைக் கவனித்தவர் ஒருவர்தான், கொலெத். ஒரு காட்சிக்கும் அடுத்த காட்சிக்கும் தொடர்பு பிசகாமல் பார்ப்பது அவருடைய வேலை. முன்பு எந்தக் கையில் கோப்பை இருந்தது, சட்டைப் பொத்தான் எத்தனை திறந்திருந்தது எல்லாம் அவருக்கு மனப்பாடம். ஒருநாள் நான் ஒரு சொல்லை மாற்றிவிட்டேன். படப்பிடிப்பு நின்றவுடன் வந்து, "முன்னே சொன்னபோது நடுவில் ஒரு 'ளா' இருந்தது, இப்போது காணவில்லை" என்றார். எனக்கு உச்சி குளிர்ந்துவிட்டது. இந்த ஊரில் என் வசனத்தை வசனமாகக் கேட்ட முதல் ஆள் அவர்.

இனி அந்தப் படத்துக்கு வருகிறேன்.

அதற்கு முன் எந்தப் படப்பிடிப்பு வேலைத்தாளிலும் எனக்குப் பெயர் இருந்ததில்லை. 'கோப்பை கழுவுபவர்', 'கடைக்காரர்' என்றுதான் இருக்கும். இந்தப் படத்தில் செல்வம் என்று ஒரு மனிதன். கட்டட வேலையில் விழுந்து இறந்துபோகும் ஓர் இளைஞனின் தகப்பன். நாலைந்து காட்சிகள், எல்லாமே கனமானவை. இத்தனை வருடம் காத்திருந்ததற்குக் கிடைத்த பாத்திரம் அது. கமலா அன்று பாயாசம் வைத்தாள்.

கதைப்பிரதியை வாசித்தேன். எல்லாம் நன்றாகப் போனது, பிணவறைக் காட்சி வரும்வரை. செல்வம் மகனின் உடலைப் பார்க்கிறான். நடைபாதைக்கு வருகிறான். முல்லைத்தீவில் இருக்கும் மனைவிக்குப் போன் எடுக்கிறான். கீழே எழுதியிருந்தது: "தன் மொழியில் செய்தியைச் சொல்கிறார். கதறுகிறார். சுவரோடு சரிந்து தரையில் விழுகிறார்."

எங்கள் ஆட்கள் இதை வாசித்தால் அந்த இடத்திலேயே நிற்பார்கள். தூரத்தில் இருக்கிற தாய்க்கு யார் போனில் அப்படிச் சொல்வார்கள்? முதல் போன் ஒருநாளும் சாவைச் சொல்லாது. கொஞ்சம் சுகமில்லை என்று சொல்லும். அடுத்த போன் கடுமை என்று சொல்லும். இடையில் அயலுக்கும் தங்கைக்கும் தமையனுக்கும் வேறாகப் போன்கள் போகும். ஒவ்வொருவராக வந்து சும்மா வந்தோம் என்று இருப்பார்கள். வாசலில் செருப்புகள் கூடும். அந்தச் செருப்புகளைப் பார்த்துத்தான் தாய்க்கு விளங்கும். விளங்கும்போது பிடிக்க நாலு கை பக்கத்தில் இருக்கும். அதற்காகத்தான் அவ்வளவு பொய்யும்.

அந்த முதல் போனை நானும் ஒருமுறை எடுத்திருக்கிறேன். எங்கள் கட்டடத்தில் இருந்த ஒருவரின் தம்பி இறந்தபோது, அவர் என் கதவைத் தட்டினார். "அண்ணை, நீங்கள் நடிகர்தானே. உங்கடை குரல் தளம்பாது. அம்மாவோடை நீங்கள் கதையுங்கோ" என்றார். லா சப்பலில் காசு கொடுத்து ஊருக்குக் கதைக்கும் போன் கடைகள் இருந்த காலம். கண்ணாடிப் பெட்டிக்குள் நின்று கதைத்தேன். குரல் தளம்பவில்லை. வெளியே வந்ததும் அந்தக் கடைக்காரர்தான் ஸ்டூல் எடுத்துத் தந்து என்னை இருத்தினார். என் தொழில் வாழ்க்கையிலேயே கடினமான வேடம் அதுதான். அதை யாரும் படம்பிடிக்கவில்லை.

படப்பிடிப்பு நாள். இயக்குநரின் பெயர் லொரான். அருமையான மனிதர், குரலை உயர்த்தமாட்டார். ஆனால் "மிகவும் சுவையான யோசனை" என்று அவர் சொன்னால் அதற்கு 'முடியாது' என்று அர்த்தம். கோபம் வந்தால் கண்ணாடியைக் கழற்றிச் சட்டை நுனியால் துடைப்பார். நான் போய், "இந்த மனிதர் இங்கே கதறமாட்டார், செய்தியையும் சொல்லமாட்டார்" என்றேன். ஏன் என்றும் சொன்னேன்.

"மிகவும் சுவையான யோசனை" என்றார்.

"நான் சரியாகத்தான் சொல்கிறேன்."

"ராஜா, பார்ப்பவர்களுக்கு உங்கள் மொழி தெரியாது. நீங்கள் அமைதியாகப் பேசினால் அரிசிக்கு ஆர்டர் கொடுப்பதுபோல இருக்கும். அழுதால்தான் விளங்கும். இந்தப் படத்தில் தமிழ்ப் பேச்சுக்குத் திரையின் கீழே பிரெஞ்சு எழுத்துப் போடுவதில்லை என்று முடிவு செய்திருக்கிறோம்."

அவர் சொன்னதிலும் நியாயம் இருந்தது. அதுதான் எனக்கு இன்னும் எரிச்சல்.

"அப்படியென்றால் நான் செய்யமாட்டேன்" என்றேன். அவர் கண்ணாடியைக் கழற்றினார்.

முதல் உதவி இயக்குநர் என்னை ஒதுக்கமாக அழைத்துக்கொண்டு போனார். ஓல்னேயில் இன்னொரு நடிகர் இருக்கிறார், மத்தியானத்துக்குள் வந்துவிடுவார், இதுவரை எடுத்ததை அவரை வைத்துத் திரும்ப எடுக்கலாம் என்றார். மிரட்டலாகச் சொல்லவில்லை, வருத்தத்தோடுதான் சொன்னார்.

"கூப்பிடுங்கள்" என்றேன். "ஆனால் அவரும் எங்கள் ஆள் என்றால் அவருக்கும் இதே வயிற்றுவலிதான் வரும்."

வாய் அப்படிச் சொன்னது. உள்ளுக்குள் பயம்தான். கமலாவுக்குப் போன் எடுத்தேன்.

"என்னப்பா, முடிஞ்சுதே?"

"இல்லை. முடிஞ்சுபோம் போலை கிடக்கு." நடந்ததைச் சொன்னேன்.

அவள் முழுவதையும் கேட்டாள். பிறகு, "ஏலாதெண்டால் விட்டிட்டு வாங்கோ. உங்களுக்குக் கோப்பை கழுவத் தெரியும்தானே" என்றாள்.

சிரித்துவிட்டேன். சிரித்ததும் பயம் போய்விட்டது. திரும்பிப் போய் லொரானிடம் கேட்டேன்: "விளக்குக்காரர் இன்னும் ஆயத்தமில்லை. அவர்கள் முடிக்கும் வரை ஒரே ஒரு ஒத்திகை, என்னுடைய விதத்தில். பிறகு நீங்கள் யாரையும் கூப்பிடுங்கள்."

கைக்கடிகாரத்தைப் பார்த்தார். தலையாட்டினார்.

என் கையில் மகனின் பொருட்கள் இருந்த பிளாஸ்ரிக் பை. சப்பாத்து, மெத்ரோ அட்டை, ஒரு சாவி. மற்றக் கையில் போன். கதைத்தேன். எங்கள் வீடுகளில் மகனைத் தம்பி என்றுதான் சொல்வோம், அப்படியே சொன்னேன்.

"ஓம், நான்தான். சாப்பிட்டிட்டியே? முதலிலை சாப்பிடு, பிறகு கதைப்பம். இல்லை, ஒண்டுமில்லை. தம்பிக்குக் கொஞ்சம் சுகமில்லை. ஆசுப்பத்திரியிலை வைச்சிருக்கினம். ஓம், பாத்திட்டுத்தான் வாறன். நித்திரையா இருக்கிறான். ராசாத்தியை வந்து உன்னோடை நிக்கச் சொல்லு. சும்மாதான். தனிய நிக்காதை."

போனை வைத்தேன். லொரானின் முகத்தைப் பார்த்தேன். அதில் ஒன்றும் தெரியவில்லை.

"ஒன்றும் விளங்கவில்லை" என்றார் லொரான். "நான் சொன்னது சரி. அரிசி ஆர்டர் மாதிரித்தான் இருக்கிறது. என்ன சொன்னீர்கள்?"

பிரெஞ்சில் சொன்னேன். ஒவ்வொரு வரியாக. அவனுக்குச் சுகமில்லை என்று சொல்கிறேன். தூங்குகிறான் என்று சொல்கிறேன். தங்கையைக் கூப்பிடச் சொல்கிறேன்.

"சாப்பாட்டைப் பற்றி ஏதோ கேட்டீர்களே?"

"முதலில் சாப்பிடச் சொன்னேன். ஏனென்றால் இனிப் பல நாள் அவள் சாப்பிடமாட்டாள்."

அந்தக் கடைசிச் சொல்லில் என் குரல் உடைந்துவிட்டது. தமிழில் உடையாதது பிரெஞ்சில் உடைந்தது. அந்தக் கண்ணாடிப் பெட்டிக்குள் நின்ற நாள் முழுதாகத் திரும்பி வந்துவிட்டது. நான் அதை நடிக்கவில்லை. சொலான்ஜ் அங்கே இருந்திருந்தால் மோதிரத்தைத் தட்டியிருக்கமாட்டார்.

லொரான் கண்ணாடியைக் கழற்றினார். ஆனால் துடைக்கவில்லை, கையிலேயே வைத்திருந்தார்.

"எழுத்துப் போடுவோம்" என்றார். "இந்தக் காட்சிக்கு மட்டும்."

பிறகு கிட்ட வந்து என் கையைப் பார்த்தார். அங்கேதான் அவர் பெரிய ஆள் என்று எனக்குத் தெரிந்தது. "கதைக்கும்போது அந்தப் பையின் முடிச்சை விரலால் அவிழ்க்கப் பார்த்துக்கொண்டே இருந்தீர்கள், தெரியுமா?"

எனக்குத் தெரியாது.

"அதைச் செய்யுங்கள். ஆனால் முடிச்சு அவிழவே கூடாது."

மத்தியானம் வரை எடுத்தோம். தூரத்திலிருந்து, கிட்ட, பிறகு கையை மட்டும். முகத்தை விட்டுக் கமரா கைக்குப் போகும், குரல் மட்டும் ஓடிக்கொண்டிருக்கும். இந்தப் படத்திலும் தொடர்பு பார்த்தவர் கொலெத்; ஒவ்வொரு முறையும் அவரைத் திரும்பிப் பார்த்தேன். ஒவ்வொரு முறையும் தலையாட்டினார். ஒரு சொல் கூடப் பிசகவில்லை. ஓல்னேக்காரரை யாரும் கூப்பிடவில்லை.

ஆனால் எடுத்தது வேறு, வெட்டி ஒட்டும் மேசையில் தப்புவது வேறு. அந்தக் காட்சி நீளம் என்று தயாரிப்பாளர் தரப்பில் பேச்சு அடிபட்டது. எழுத்து வேண்டாம், இசை போடலாம் என்றும் ஒரு கதை வந்தது. மாதக்கணக்காக எனக்கு ஒன்றும் தெரியாது. யாரையும் கேட்கவும் எனக்கு வாய் வரவில்லை.

படம் வந்தபோது எங்கள் பக்கத்துத் திரையரங்கு ஒன்றில் ஒரு ஞாயிறு மத்தியானக் காட்சி. செவ்ரானிலிருந்தும் ஓல்னேயிலிருந்தும் சனம் வந்திருந்தது. சின்னராசா முன்வரிசையில். கமலா என் கையைப் பிடித்திருந்தாள். பிணவறைக் காட்சி தொடங்கியது. நடைபாதை வந்தது, போன் வந்தது. எழுத்தும் வந்தது. "சாப்பிட்டிட்டியே?" என்று என் குரல் கேட்டதும் அரங்கில் ஒரு இருமல்கூட இல்லை. எங்கள் சனத்துக்கு எழுத்துத் தேவையில்லை. முதல் வரியிலேயே அவர்களுக்கு எல்லாம் விளங்கிவிட்டது. ஒருவரும் சிரிக்கவில்லை. சின்னராசா தலையைக் குனிந்துகொண்டான். எனக்குப் பெருமையாக இருந்தது, மறைக்க விரும்பவில்லை.

வெளியே வந்து பலர் கைகொடுத்தார்கள். எல்லாரும் போனபிறகு ஒரு பெண் சுவரோரமாக நின்றார். ஐம்பத்தைந்து, அறுபது இருக்கும். கையில் குடை. செவ்ரானில் இருக்கிறேன் என்றார். நான் கைகூப்பினேன். அவர் கூப்பவில்லை.

"எங்கடை மூத்தவன் இஞ்சைதான் மோசம் போனவன்" என்றார். "நான் அப்ப ஊரிலை. இஞ்சையிருந்த என்ரை மனுசன்தான் போன் எடுத்தவர். இப்பிடித்தான் கதைச்சவர், சாப்பிட்டியோ, குளிச்சியோ எண்டு. பிள்ளை அங்கை செத்துக் கிடக்கிறான், இந்த மனுசன் எனக்கு ஆட்டுக்குட்டிக்குத் தண்ணி வைச்சியோ எண்டு கேக்குது."

கமலா என் பக்கத்தில் வந்து நின்றாள்.

"பிறகு நானும் இஞ்சை வந்திட்டன். சமைச்சுக் குடுக்கிறன், ஒரு வீட்டிலை இருக்கிறம். ஆனால் அந்தக் குரலை நான் மன்னிக்கேல்லை. நெஞ்சிலை ஈரம் இல்லாத மனுசன் எண்டுதான் இவ்வளவு காலமும் நினைச்சுக்கொண்டிருந்தனான். எனக்குக் குரல் மட்டும்தானே கேட்டது."

குடையை ஒரு கையிலிருந்து மற்றக் கைக்கு மாற்றினார்.

"படம் பாக்க வாங்கோ எண்டு அவரையும் கூப்பிட்டனான். மாட்டன் எண்டிட்டார். ஏனெண்டு இப்பதான் விளங்குது."

"அக்கா, கொஞ்சம் இருங்கோ, தேத்தண்ணி குடிச்சிட்டுப் போகலாம்" என்றாள் கமலா.

"இல்லைப் பிள்ளை, ரயிலைப் பிடிக்கவேணும்." ஸ்டேஷன் பக்கம் திரும்பி இரண்டடி வைத்தவர், நின்று என்னைப் பார்த்தார்.

"அண்டைக்குப் போன் எடுக்கேக்கை அவரின்ரை கையிலை என்ன இருந்ததெண்டு நான் ஒருநாளும் கேட்டதில்லை. போய்க் கேக்கவேணும்."